என் முன்னிலையில் கையெழுத்திட்டார்

வலது கையை மஞ்சள் பைக்குள் விட்டுக்கொண்டு உட்கார்ந்தால் யாரும் ஒன்றும் கேட்பதில்லை. இந்த இரண்டு வருடத்தில் திருமேனி கண்டுபிடித்த பெரிய உண்மை இதுதான். கண்ணாடிக்கூட்டையோ மாத்திரையையோ தேடுகிற ஒரு கிழவர், அவ்வளவுதான், அதற்கு மேல் உலகம் ஒரு கிழவரைப் பற்றி யோசிப்பதில்லை. சார்பு நீதிமன்றத்துத் தாழ்வாரத்தில் கிடந்த அந்த மர பெஞ்சுக்கு ஒரு கால் குட்டை, யார் அசைந்தாலும் டக்கென்று தரையில் தட்டும், அதுவும் நல்லதாகப் போயிற்று, பெஞ்சே ஆடும்போது வேறு எது ஆடுகிறது என்று யார் கண்டார்கள். பக்கத்தில் மகள். துணைமாலை என்று திருச்சுழி அம்மன் பெயரை வைத்து மாலா என்று சுருக்கிக் கூப்பிடுகிற ஒரே மகள், முப்பத்தெட்டு வயது, புருஷன் சரியில்லை என்று பதினோரு வருடம் முன்பு ஒரு பெட்டியோடு வந்தவள், வீட்டு முன்னறையில் எட்டு மிஷின் போட்டுத் தட்டச்சுப் பயிலகம் நடத்துகிறவள். தனக்கும் அவருக்கும் நடுவில் இன்னொரு ஆள் உட்காருகிற அளவுக்கு இடம் விட்டு உட்கார்ந்திருந்தாள். ஷேர் ஆட்டோவிலும் அப்படித்தான், டிரைவர் பக்கத்தில் போய் ஏறிக்கொண்டாள். சில மாதம் முன்பு வரை அப்பா தோளில் சாய்ந்துகொண்டு ஊர்க்கதை பேசுகிறவள். இன்றைக்குத் தீர்ப்பு. வழக்கு என்ன பெரிய வழக்கு, திருமேனியின் அப்பா கட்டிய வீடு, இரண்டு பிள்ளைகள், ஆளுக்குப் பாதி. பாதியைப் பிரித்துக் கொடுடா என்று கேட்கப் போனால் தம்பி பூமிநாதன் ஒரு தாளைக் கொண்டுவந்து நீட்டினான். கூர்ச்சீட்டாம், பதினைந்து வருடம் முன்பு வீட்டுக்குள்ளேயே உட்கார்ந்து எழுதிக்கொண்ட பாகப்பிரிவினைக் குறிப்பாம், வீட்டில் தனக்குப் பங்கு வேண்டாம், முழுக்கத் தம்பிக்கே என்று அண்ணன் கையெழுத்துப் போட்டிருக்கிறாராம். போடவில்லை. சத்தியமாகப் போடவில்லை, அப்படி ஒரு தாளை அவர் கண்ணால் பார்த்ததே கோர்ட்டில்தான். நீதிபதி அம்மா இரண்டு பக்கமும் கேட்டுவிட்டு ஒரு உத்தரவு போட்டார்கள், வாதி நேரில் வந்து நீதிமன்றத்தின் முன்னிலையில் இருபது முறை கையெழுத்திட வேண்டும், அதை நிபுணருக்கு அனுப்பி ஒப்பிட்டுப் பார்க்கலாம் என்று. நியாயமான உத்தரவு. பொய் சொல்கிறவன் பயப்பட வேண்டிய உத்தரவு. ஆனால் மெய் சொன்ன திருமேனிதான் மூன்று வாய்தாவுக்கும் போகவில்லை.

இருபது முறை. ஒரு முறை என்றாலாவது கண்ணை மூடிக்கொண்டு இழுத்திருக்கலாம். பைக்குள் விரல்கள் தானாகத் தாளம் போட்டன, கட்டை விரலும் ஆள்காட்டி விரலும் உரசி உரசி, மூக்குப்பொடி எடுப்பதுபோல, எத்தனை தடவை நிறுத்து என்று சொன்னாலும் கேட்காமல். முதன்முதலில் ஒரு கல்யாண வீட்டில் காப்பி டம்ளர் டவராவில் கடகடவென்று அடித்தது, சூடு என்று சொல்லிச் சமாளித்தார். அதற்கப்புறம் எல்லாவற்றுக்கும் ஒரு சமாளிப்பு. சாம்பாரைக் கீழே சிந்தாமல் இருக்கத் தனியாகச் சாப்பிடப் பழகினார், மகள் பயிலகத்தில் பிள்ளைகளோடு இருக்கிற நேரம் பார்த்து. சவரத்தைக் கடைக்கு மாற்றினார். பென்ஷனுக்கு வருடா வருடம் உயிரோடு இருக்கிறேன் என்று கையெழுத்துப் போடுகிற வழக்கத்தை ஒழித்து விரலை மிஷினில் வைத்தால் போதும் என்று ஆக்கினார்கள் பாருங்கள், அன்றைக்குத் தபால்காரர் வீட்டுக்கே வந்து ரேகை எடுத்துக்கொண்டு போனபோது யாருக்கோ நூறு கும்பிடு போட்டார். ஒரு காலத்தில் அந்தக் கையெழுத்துக்காகக் காலை ஏழு மணிக்கு வாசலில் ஆள் நிற்கும். மேல்நிலைப் பள்ளித் தலைமை ஆசிரியர், பச்சை மையில் கையெழுத்துப் போடுகிற அதிகாரம் உள்ளவர். சாதிச் சான்றிதழ், மதிப்பெண் பட்டியல், எதன் நகலாக இருந்தாலும் மூலத்தைக் கொண்டா என்பார், வரிக்கு வரி விரல் வைத்துப் பார்ப்பார், பிறகுதான் பேனா மூடியைக் கழற்றுவார். செ. திருமேனி. செ-யின் கொம்பு ஒரே இழுப்பில் சுழிக்கும், கடைசி னி-யின் கொக்கி கீழே இறங்கிப் பெயருக்கு அடியில் ஒரு கோடாக ஓடி முடியும். ஒரு நாளைக்கு நூறு போட்டாலும் நூறும் ஒன்றுபோல. அந்தக் கூர்ச்சீட்டை வக்கீல் காட்டியபோது அவருக்குக் கோபத்துக்கு முன்னால் வந்தது வேறு, சொல்லவே நாக்கு கூசும், பொறாமை. களவாணிப் பயல் யாரோ எவ்வளவு அழகாகப் போட்டிருக்கிறான். கொம்பு சுழிந்திருந்தது, கோடு ஓடியிருந்தது. இன்றைக்கு அவரே போட்டால் அதுதான் போலி மாதிரி இருக்கும்.

ஒத்துப்போகாவிட்டால் நல்லதுதானே, அது உங்கள் கையெழுத்தில்லை என்றுதானே ஆகும் என்று வேறொருவன் சொல்லக்கூடும். அவரும் அதைச் சொல்லிப் பார்த்தார், சொன்ன உடனே பூமிநாதனுடைய வக்கீல் மனசுக்குள் எழுந்து நின்றுவிடுவார், கனம் நீதிபதி அவர்களே, வேண்டுமென்றே கையைக் கோணுகிறார், முப்பது வருடம் ஒரே மாதிரி போட்டவருக்கு இன்றைக்கு மட்டும் எழுத்து ஏன் இப்படித் தள்ளாடுகிறது என்று. இதெல்லாம் அவர் தனக்குத்தானே சொல்லிக்கொண்ட காரணம். நிஜக் காரணம் வெட்கம், வேறொன்றுமில்லை. எழுபது கண் பார்க்க, தம்பி பார்க்க, தன்னிடமே பிளஸ் டூ படித்த வக்கீல் கனகவேல் பார்க்க, தலைமை ஆசிரியர் திருமேனி ஒரு தாளின் மேல் எறும்பு ஊர விட வேண்டும், அதுவும் இருபது தடவை. அதை நினைக்கும்போதெல்லாம் இருளப்பன் வந்துவிடுகிறான். வரக்கூடாது என்றால் கேட்பானா. பள்ளிக்கூடத்தில் இருந்து ஓய்வு பெற்ற இரவுக் காவலாளி, பென்ஷன் படிவத்தில் மாதிரிக் கையெழுத்து மூன்று போட்டு, என் முன்னிலையில் கையெழுத்திட்டார் என்று பச்சை மையில் சான்று வாங்க வேண்டும், அதற்கு வந்தான். பேனாவைப் பிடித்தான், பிடித்தபடி நின்றான். ஒரு கையை இன்னொரு கையால் பிடித்துக்கொண்டு போட்டான். மூன்றும் மூன்று விதம். என்ன இருளப்பா, மூணும் மூணு ஆள் போட்ட மாதிரி இருக்கு, இதுல நான் எப்படிச் சான்று குடுக்க. அய்யா கோவிச்சுக்கிராதீக, ஆள் பாத்தா கை நிக்க மாட்டேங்குது. வீட்டுல போயி நல்லாப் பழகிட்டு வா, என்ன. மறுவாரம் வந்தான், நாலு பக்கம் பழகிய நோட்டோடு. அன்றைக்கும் மூன்று விதம். அலுவலகத்தில் கிளார்க் சிரித்தார், இவரும் லேசாகச் சிரித்தார், அது இப்போதுதான் உறைக்கிறது, அன்றைக்கு அது ஒரு விஷயமாகவே படவில்லை. மூன்றாம் தடவை இருளப்பன் பேனாவைத் தொடவேயில்லை, இடது கட்டை விரலை நீட்டினான், பெயர் எழுதத் தெரிந்தவன். சரியாக வந்தது ரேகை, சுத்தமாக, ஒரு கோடு கலையாமல். அதுக்குத்தான் சொன்னேன், மொதல்லயே இப்படிச் செஞ்சிருக்கலாம்ல என்றார். என்ன சொன்னார். அதுக்குத்தான் சொன்னேன் என்றாரா. அவர் அப்படி எதுவும் சொல்லியிருக்கவே இல்லையே.

பழகிட்டு வா. அவரும்தான் பழகினார். முன்னறையில் எட்டு மிஷினும் சடசடவென்று அடிக்கிற நேரம் கதவைச் சாத்திக்கொண்டு பழைய வினாத்தாள்களின் பின்பக்கத்தில் போட்டுப் பார்த்தார், தனியாக இருக்கும்போது பத்தில் இரண்டு உருப்படியாக வந்தது. வெளியே மாலாவின் குரல் கேட்கும், மணிக்கட்டைத் தூக்காதம்மா, விரல் மட்டும்தான் வேலை செய்யணும், மணிக்கட்டு அசையக் கூடாது. பயிலகத்துக்கு அரசு அங்கீகாரம் அந்த வீட்டு முகவரியில் இருக்கிறது, வீடு போனால் அதுவும் போகும், பிறகு எட்டு மிஷினை எங்கே கொண்டுபோய் வைப்பாள், இந்த வயதில் யாரிடம் போய் வேலை கேட்பாள். அது தெரிந்துதான் முதல் வாய்தாவுக்குச் சட்டை மாட்டினார், பொத்தான் போட முடியாமல் பத்து நிமிடம் நின்றார், காய்ச்சல் என்று சொல்லிப் படுத்துக்கொண்டார். இரண்டாம் வாய்தாவுக்கு மதுரையில் ஒரு சாவு என்றார், சாகாத ஒரு சினேகிதனைச் சாகடித்தார். இதுவே கடைசி வாய்ப்பு என்று உத்தரவில் எழுதிவிட்டார்கள். மூன்றாம் வாய்தாவன்று மாலாவுக்குத் தட்டச்சுத் தேர்வு நடத்துகிற வேலை, நான் போயிட்டு வந்துர்றேன்மா என்று சொல்லி நிஜமாகவே வந்தார். இதோ இந்த மதில் ஓரம் இருக்கிற ஜெராக்ஸ் கடை வரைக்கும். யாருக்கும் தெரியாது. அங்கே நின்றுகொண்டு, எதையோ நகல் எடுக்க வந்தவர்போல, பதினொன்றே காலுக்கு டவாலி தாழ்வாரத்தில் வந்து நின்று கூப்பிட்டதைக் கேட்டார். வாதி திருமேனி. திருமேனி. திருமேனீ. மூன்றாவது அழைப்பில் கடைசி எழுத்தை இழுத்து மேலே கொண்டுபோனான், ஆள் ஊரிலேயே இல்லை என்று முடிவு கட்டியதுபோல. முப்பது தப்படி நடந்தால் போதும். கால் நன்றாகத்தான் இருந்தது, காலுக்கு ஒரு குறையும் இல்லை. சட்டைப் பையில் போன் அதிர்ந்தது, கனகவேல், அது நின்றது, மறுபடி அதிர்ந்தது, கையும் அதுவும் சேர்ந்து அதிர்ந்தன. என்ன சார் ஜெராக்ஸா என்று கடைக்காரப் பெண் கேட்டாள். இல்லம்மா, ஒரு பேப்பரை மறந்து வந்துட்டேன் என்றார். வீட்டுக்குப் போய், ஜட்ஜ் லீவும்மா, வேற தேதி போடுவாங்க என்று சொன்னார். நல்லதுப்பா, சாப்பிடுங்க என்றாள் மாலா. மறுநாளே கனகவேல் அவளுக்குப் போன் பண்ணி, அப்பா வராததால் வாதி தரப்புச் சாட்சியத்தை முடித்துவிட்டார்கள் என்று சொல்லியிருப்பான் போல. அவள் ஒன்றும் கேட்கவில்லை. கேட்டிருந்தால் சொல்லியிருப்பாரோ என்னவோ. கேட்காமல், தட்டை வைத்துவிட்டு, தண்ணீரை வைத்துவிட்டு, முன்னறைக்குப் போய்விட்டாள். அன்றிலிருந்துதான் இந்த இடைவெளி. கோபம், பொய் சொன்னதற்காகக் கோபம், தீர்ப்பு வந்தால் தணிந்துவிடும் என்று அவர் நினைத்துக்கொண்டிருந்தார்.

எதிர் வரிசையில் தூணோரம் பூமிநாதன் நின்றிருந்தான். நெற்றியில் பட்டையாகத் திருநீறு, இப்படியொரு காரியத்துக்கு வரும்போதுகூட. சின்ன வயதில் யார் மாதிரி வேண்டுமானாலும் நடந்து காட்டுவான், தலை ஆடுகிற எதிர்வீட்டுத் தாத்தா மாதிரி ஆடிக்காட்டித் தெருவையே சிரிக்க வைப்பான். அந்தப் பயல் முன்னாலா. கை பைக்குள் இன்னும் ஆழமாகப் போனது. அவன் அண்ணனைப் பார்க்கவில்லை, மாலாவைத்தான் பார்த்தான், மாலாவும் அவனைப் பார்த்தாள், சித்தப்பனைப் பார்க்கிற பார்வையில் இருக்க வேண்டிய வெறுப்பு அதில் இல்லை, அவரால் படிக்க முடியாத வேறு என்னவோ இருந்தது. கனகவேல் அங்கியைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு வேகமாக வந்தான். எழுந்து நிற்காதீங்க சார், உக்காருங்க என்றான், வாத்தியாருக்குக் கொடுக்கிற மரியாதையில் இன்றுவரை குறை வைத்ததில்லை. இப்ப கூப்பிட்டுருவாங்க சார். கனகு, எப்படி இருக்கும். அவன் மாலாவைப் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினான். நான் என்ன சார் சொல்ல. வாங்கன்னு கோர்ட்டே கூப்பிட்டும் வரலைன்னா அவங்க ஒண்ணுதானே நெனைப்பாங்க. அன்னைக்கும் கேட்டேன், எங்கிட்ட மட்டுமாவது சொல்லுங்கன்னு. என்ன ஒன்றை நினைப்பார்கள். கேட்க வாயெடுத்தார். உள்ளே யாரோ வழக்கு எண்ணைப் படித்தார்கள், டவாலி வாசலுக்கு வந்தான், வாதி திருமேனி என்று ஒரு தடவைதான் கூப்பிட்டான், இருக்கேன்யா, வந்துட்டேன் என்று அவர் போட்ட சத்தத்தில் தாழ்வாரமே திரும்பிப் பார்த்தது. முப்பது தப்படி தூரத்தில் நின்றபோது வராத குரல்.

உள்ளே மின்விசிறி தாள்களைப் புரட்டிக்கொண்டிருந்தது. நீதிபதி அம்மா கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு அவரை ஒரு நொடி பார்த்தார்கள், மாணவியாக இருந்திருக்கலாம் என்று தோன்றும் வயது. நீளமாகப் படிக்கவில்லை. நீதிமன்றத்தின் முன்னிலையில் மாதிரிக் கையெழுத்து இட வாதிக்கு மூன்று வாய்ப்புகள் அளிக்கப்பட்டும் போதிய காரணமின்றி அவர் ஆஜராகவில்லை. தாவாவுக்குரிய கையெழுத்து தன்னுடையது அல்ல என்று கூறும் ஒருவர் அதை நிரூபிக்கும் வாய்ப்பைத் தாமே தவிர்த்திருப்பதால், அவர் கையெழுத்திட்டிருந்தால் அது அவருக்கு எதிராகவே அமைந்திருக்கும் என்று இந்நீதிமன்றம் அனுமானிக்கிறது. அனுமானிக்கிறது. அந்தச் சொல்லில் அவர் நின்றுவிட்டார். பத்தாம் வகுப்புக்கு இலக்கணம் எடுத்த காலத்தில் அனுமானம் என்றால் புகையைக் கண்டு நெருப்பு உண்டென்று அறிவது என்று கரும்பலகையில் எழுதிப் போட்டிருக்கிறார். இங்கே புகையும் இல்லை, நெருப்பும் இல்லை, ஒரு கை ஆடுகிறது, அதைப் பைக்குள் ஒளித்தார், அவ்வளவுதானே அம்மா. அவ்வளவுதானே. எழுந்து சொல்லலாம். இதோ பாருங்கள் என்று எடுத்து நீட்டலாம். வழக்கு செலவுத்தொகையுடன் தள்ளுபடி என்று முடித்து நீதிபதி அம்மா அடுத்த வழக்கின் கட்டை எடுத்துவிட்டார்கள். டவாலி வேறு யாருடைய பெயரையோ கூப்பிடப் போனான். பின்னால் பூமிநாதன் மூக்கை உறிஞ்சினான், அழுகிறானா என்ன, பாவி. அவர் மாலாவைத் திரும்பிப் பார்த்தார். அவள் அழவில்லை. முன்பே தெரிந்த ஒன்றைக் கேட்டவள்போல வாசலை நோக்கி நடந்தாள்.

மறுபடி அதே பெஞ்சு. அப்பீல் போடலாம் சார், முப்பது நாள் இருக்கு என்று சொல்லிக் கனகவேல் வக்காலத்துப் படிவத்தை எடுத்து அவர் மடியில் இருந்த பையின் மேலேயே வைத்தான், பேனாவையும் வைத்தான். இங்க ஒரு கையெழுத்துப் போட்டுக் குடுத்துருங்க. இருக்கட்டும், அப்புறம் என்று சொல்ல வாய் வந்தது. வீட்டுல போயி, நாளைக்கு, கண்ணாடி கொண்டுவரலை, எத்தனை இருக்கிறது சொல்வதற்கு. மாலா அப்போதுதான் அவரைப் பார்த்துத் திரும்பினாள்.

"அப்பா, ஒண்ணு கேக்கேன். இனிமே ஒண்ணும் ஆகப் போறதில்ல, அதனால கேக்கேன். அந்தத் தாள்ல நீங்கதானப்பா போட்டீங்க?"

கனகவேல் வேறு பக்கம் பார்த்தான், அவனும் பதிலுக்குக் காத்திருந்தான் என்று முதுகைப் பார்த்தாலே தெரிந்தது. கோர்ட் நினைத்தது, தம்பியின் வக்கீல் நினைத்தது, எல்லாம் ஒரு பக்கம். இவள் அந்த வீட்டில் அவரோடு ஒரே அடுப்பில் சாப்பிட்டுக்கொண்டு, தண்ணீர் வைத்துக்கொண்டு, நம் அப்பன் நம்மைத் தெருவில் விட்டுத் தம்பிக்கு எழுதிக் கொடுத்தவன் என்று நினைத்துக்கொண்டே இத்தனை மாதம் இருந்திருக்கிறாள். கோபம் என்று எண்ணிக்கொண்டிருந்தாரே, மடையன். இல்லைம்மா என்று வாயால் சொன்னால் என்ன மதிப்பு, ஜட்ஜ் லீவு என்று சொன்ன அதே வாய். பைக்குள்ளிருந்து கையை எடுத்தார். வெளிச்சத்தில் அது ஆடியது, தாழ்வாரத்தில் போகிறவர்கள் பார்க்க, விரலோடு விரல் உரச, வெட்கமில்லாமல். பேனாவைப் பிடித்தார், நழுவியது, மறுபடி பிடித்தார், முனை தாளில் டக்டக்கென்று குத்தியது. செ-யின் கொம்பு சுழிக்கவில்லை, முள்ளாக உடைந்து உடைந்து போயிற்று. திரு என்று எழுதுவதற்குள் வேர்த்துவிட்டது. மேனி கட்டத்துக்கு வெளியே போய் விழுந்தது, அடிக்கோடு போடுகிற பேச்சே இல்லை. நிமிராமல் உட்கார்ந்திருந்தார்.

"சார்," என்றான் கனகவேல். "எப்ப இருந்து சார் இது?"

"ரெண்டு வருசமா."

"பள்ளிக்கூடத்து வருகைப் பதிவேட்டை வரவழைக்கணும்னு நான் மனுப் போட்டேன்ல சார். ஆள் இருக்கையில பதிவேடு எதுக்கு, வந்து போடட்டும்னு எதிர்த்தரப்பு சொன்னதாலதான் ஜட்ஜ் அம்மா உங்களை வரச் சொன்னாங்க. அம்மா இந்தக் கையை ஒரு நிமிசம் பாத்திருந்தாப் போதுமே சார். பதிவேட்டை வரவழைச்சிருப்பாங்க, முப்பது வருசக் கையெழுத்து அதுல இருக்கு."

"அப்பீல்ல இதச் சொல்லலாம்ல, கனகு?"

"சொல்லலாம் சார்." அவன் படிவத்தைப் பார்த்தபடியே சொன்னான். "தோத்த பெறகு கண்டுபிடிச்ச வியாதின்னு சொல்லுவாங்க."

அந்தப் படிவத்தைக் கனகவேல் மடித்து வைத்துக்கொண்டு இன்னொன்றை எடுத்தான். திருமேனி கேட்பதற்கு முன்பே பெட்டியிலிருந்து ஸ்டாம்ப் பேடையும் எடுத்துத் திறந்தான். அவர் இடது கட்டை விரலை நீட்டினார். அந்த இடைவெளியைத் தாண்டி மாலா நகர்ந்து வந்து, ஆடுகிற வலது கையின் மணிக்கட்டைத் தன் மடியில் வைத்துப் பிடித்துக்கொண்டாள், பெஞ்சு ஒரு தடவை தட்டி நின்றது. ரேகை சுத்தமாக விழுந்தது, ஒரு கோடு கலையாமல். கனகவேல் அதற்குக் கீழே, என் முன்னிலையில் வைத்தார் என்று எழுதிக் கையெழுத்துப் போட்டான்.

"நான்தான் போட்டிருப்பேன்னு நெனச்சியாம்மா," என்றார்.

அவள் மணிக்கட்டை விடவில்லை. ஆமென்று தலையை மட்டும் ஆட்டினாள்.

"எப்ப இருந்து?"

"ஜட்ஜ் லீவுன்னு வந்து சொன்னீங்கல்லப்பா," என்றாள் மாலா. "அன்னைக்கு சாயந்தரம் பயிலகத்துக்கு நகல் எடுக்கப் போனப்ப ஜெராக்ஸ் கடை அக்கா எங்கிட்டச் சொன்னாங்க, ஒங்கப்பா பேரைக் கூப்பிடக் கூப்பிட இங்கனதான் நின்னுக்கிட்டிருந்தாருன்னு. அன்னைல இருந்து."